நடுவீட்டில் ஒரு ரோடு

எங்கள் அப்பாவுக்குச் சின்ன வயதிலேயே இடது காலில் போலியோ. கைத்தடி ஊன்றித்தான் நடப்பார். ஓர் அச்சகத்தில் பிழை திருத்தும் வேலை அவருக்கு. அம்மா சாந்தோமில் பள்ளிக்கூட டீச்சர். நான் ஒரே பெண். எழுபதுகளில் பெசன்ட் நகரில் நாங்கள் சின்னதாக ஒரு வீடு கட்டியபோது, அம்மா ஆசைப்பட்டுக் கேட்டது ஒன்றுதான்: தரை பளபளவென்று இருக்க வேண்டும்.

சாந்தோமில் நாங்கள் குடியிருந்த வாடகை வீட்டில் சிமெண்ட் தரை பொரிந்துபோய்க் கிடந்தது. காலையில் பெருக்கினால் மத்தியானத்துக்குள் மறுபடி பொடி உதிர்ந்திருக்கும். தி. நகரில் ஒரு ஜவுளிக்கடைக்காரர் வீட்டுப் பிள்ளைகளுக்கு அம்மா டியூஷன் எடுக்கப் போவாள். அந்த வீட்டு மொசைக் தரையில் ஃபேன் சுற்றுவதுகூடத் தெரியும் என்று வந்து சொல்வாள். சொல்லும்போதே முகம் மலர்ந்துவிடும்.

எங்கள் வீட்டிலும் அதே மாதிரி சிமெண்டில் கல்சல்லி கலந்து தரை போட்டார்கள். அது நன்றாக இறுகிய பிறகு, பாலிஷ் போடுகிறவர் மிஷினோடு வந்தார். முதலில் முரட்டுக் கல்லை மாட்டி, தண்ணீர் ஊற்றி, வீடு முழுக்க ஒரு முறை தேய்த்தார். சாம்பல் நிறக் கூழ் வாசல்வரை வழிந்தது. பிறகு நைசான கற்களை மாற்றி மாற்றிப் போட்டு, முன்னறையை மட்டும் முடித்துக் காட்டினார். அம்மா குனிந்து அதில் தன் முகத்தைப் பார்த்துச் சிரித்தாள்.

அன்று சாயங்காலம் அப்பா வேலை முடிந்து நேரே அங்கே வந்தார். தரையில் இன்னும் ஈரம் இருந்தது. உள்ளே இரண்டு அடி வைத்திருப்பார், தடி சர்ரென்று வழுக்கிவிட்டது. நல்லவேளை, சுவரைப் பிடித்துக்கொண்டார்.

"ரொம்ப நல்லா வந்திருக்கு" என்றார் அம்மாவிடம். அப்புறம் வராந்தாவில் போய் உட்கார்ந்தவர், நாங்கள் கிளம்பும்வரை உள்ளே வரவே இல்லை.

மறுநாள் காலை அம்மா சாக்பீஸோடு போனாள். படுக்கையறையிலிருந்து குளியலறைக்கு, அங்கிருந்து சாப்பிடும் இடத்துக்கு, பிறகு முன்னறை வழியாக வாசலுக்கு என்று இரண்டு கோடுகள் இழுத்தாள். நடுவில் ஓர் ஆள் தடி ஊன்றி நடக்கிற அகலம்.

"இதுக்குள்ள பாலிஷ் வேணாம். முதல் கல்லு தேய்ச்சதோட விட்டுடுங்க. முன்னறையிலயும் இந்த இடத்துக்கு மட்டும் மறுபடி முரட்டுக் கல்லு போட்டுடுங்க."

பாலிஷ்காரர் மிஷினை நிறுத்திவிட்டார். "இன்னா டீச்சரம்மா, கண்ணாடி மாறி பண்ணிக் குடுத்தா, அத்தப் போய் கீறச் சொல்றியே! நட்டநடு ஊட்ல ரோடு போட்ட மாறி கீது."

"ரோடுதான். போடுங்க" என்றாள் அம்மா.

விஷயம் தெரிந்ததும் அப்பாவுக்கு வந்த கோபத்தை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. "வர்றவன் போறவன் எல்லாம் கேப்பான். நொண்டிக்காகப் போட்டதுன்னு சொல்லுவியா? தடிக்கு ரப்பர் மாட்டினா போச்சு!"

"ஈரத்துல ரப்பரும் வழுக்கும். யார் கேட்டாலும், என் வீட்டுக்காரர் விழக் கூடாதுன்னு போட்டேன்னு சொல்லுவேன்."

குடிபோகுமுன் ஃபாதர் வந்து ஜெபம் சொல்லி வீடு மந்திரிக்கிற நாள்வரை அப்பா அவளோடு சரியாகப் பேசவில்லை.

அன்று உறவுக்காரர்கள் வந்தார்கள். தெருவெல்லாம் கடற்கரை மணல். எல்லோரும் கேட்டருகில் கால் கழுவிவிட்டு ஈரக்காலோடு உள்ளே வந்தார்கள். முதலில் வழுக்கியது பெரியம்மாவுக்கு. ஜன்னல் திரையைப் பிடித்துத் தப்பித்தாள். பெரியப்பா தரையைப் பார்த்துவிட்டு, "அது என்ன, நடுவுல மட்டும் சொரசொரன்னு?" என்று கேட்டார்.

அம்மா வாயைத் திறக்கும் முன்பே அப்பா சொன்னார்: "அதுதான் ரோடு. எனக்காக டீச்சர் போட்டது. எல்லாரும் அதிலேயே வாங்க, வழுக்காது."

பெரியம்மா முதல் ஆளாக அதில் ஏறினாள். ஃபாதர்கூட அந்த வழியே நடந்துதான் தீர்த்தம் தெளித்தார். அம்மாவைக் காணோமே என்று சமையலறைக்குப் போனேன். காபி டம்ளர்களை அடுக்கிக்கொண்டே முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

குடிவந்த பிறகு, சனிக்கிழமைகளில் அம்மா தரைக்கு மெழுகு பூசுவாள், ரோட்டை மட்டும் விட்டுவிட்டு. பளபளப்பு ஏற, பழைய கம்பளியை மடித்துப் போட்டு அதன்மேல் என்னை உட்காரவைத்து இழுப்பாள். ஒரு சனிக்கிழமை, "இவ கனம் போதலை" என்று அலுத்துக்கொண்டாள்.

நாற்காலியில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த அப்பா நிமிர்ந்து, "நான் உக்காரட்டுமா?" என்றார்.

விளையாட்டுக்குச் சொல்கிறார் என்றுதான் நினைத்தோம். அவர் தடியைச் சுவரில் சாய்த்துவிட்டு, என் தோளைப் பிடித்து மெல்லக் கம்பளியில் இறங்கினார். காலை நீட்டிக்கொண்டார். நானும் அம்மாவும் ஆளுக்கொரு முனையைப் பிடித்து இழுத்தோம். முதலில் நகரவே இல்லை. பிறகு சட்டென்று வழுக்கிக்கொண்டு வந்தது. முன்னறையின் மூலை மூலையாக, அவர் கால் படாத இடமெல்லாம் இழுத்துக்கொண்டு போனோம்.

"மெதுவா, மெதுவா!" என்று கத்தினார் அப்பா. கத்திக்கொண்டே சிரித்தார். அம்மாவுக்கு மூச்சு வாங்கியது. கம்பளியை விட்டுவிட்டு அவர் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"என்ன டீச்சர், அவ்வளவுதானா?" என்றார் அப்பா. "இன்னொரு ரவுண்டு."