முகாமில் சமைத்த அருமைநாதன்

அருமைநாதன் 1986 மார்கழியில், கனடாவில் எங்கள் வீட்டு மேல்மாடிக்கு வந்தார். டோர்வல் விமான நிலையத்தில், விமானங்களுக்குச் சாப்பாடு கட்டும் சமையலறையில் வேலை. ஐந்து ஆண்கள் வாடகைக்கு இருந்த அந்த மாடியில் முதல் நாளே ஒரு வாளி பருப்புக் காய்ச்சினார். கொஞ்சமாகச் சமைக்க அவருக்குத் தெரியவில்லை.

திருகோணமலைப் படைமுகாம் ஒன்றில் ஒன்பது வருடம் சமையல்காரராக இருந்தவர். இது எனக்கும், அதே மாடியில் இருந்து மற்றவர்களுக்கு அகதிக் கேஸ் எழுதிக் கொடுத்த சண்முகலிங்கத்துக்கும் மட்டும் தெரியும். இலங்கைப் படைக்குப் பயிற்சி கொடுக்கப் பிறநாட்டார் அங்கே கூட்டம் கூட்டமாக வந்துபோனார்கள். எந்த நாடு என்று இவரிடம் யாரும் சொல்லவில்லை. தட்டைப் பார்த்து அவரே கண்டுபிடித்துக்கொள்வார். ஒரு கூட்டம் இறைச்சியோடு பாலைச் சேர்க்காது. இன்னொன்று, ஆட்டை யார் அறுத்தது என்று கேட்ட பிறகுதான் கை வைக்கும்.

சண்முகலிங்கம் இவரை மீனவர் என்று எழுதினார்.

"முகாம் எண்ட சொல்லே வரக்கூடாது. கனடாக்காரன் உன்னை ஆமி எண்டுவான். எங்கட சனம் காட்டிக் குடுத்தவன் எண்டும்."

"எனக்கு வலை பொத்தத் தெரியாதே, அண்ணை."

"அதை ஆர் கேக்கப்போறான்?"

கேட்டார்கள். அந்த முகவரியிலிருந்து போன நாலாவது மீனவர் அவர். கிழிந்த வலையை எப்படிப் பொத்துவீர்கள் என்று விசாரணை அதிகாரி கேட்டாராம். இவர், நான் சமையல்காரன் என்று தொடங்கி எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். முகாம் வாசலில் குண்டு வெடித்த அன்று, உள்ளே இருந்த ஒரே தமிழர் என்று படையினர் இவரைப் பிடித்து மூன்று நாள் அடைத்து வைத்து அடித்தார்கள். பயிற்சி கொடுக்க வந்தவர்கள் அந்த அறையின் ஜன்னலைக் கடந்துதான் சாப்பிடப் போனார்கள்.

"அவைக்கு முட்டை எப்பிடி வேணும் எண்டு எனக்குத் தெரியும், அக்கா. அவைக்கு என்ரை பேர் தெரியாது," என்றார். வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னார்.

கதை மேல்மாடிக்கு எட்டியது. இரண்டு பேர் அவருடைய சட்டியில் சாப்பிடுவதை நிறுத்தினார்கள். சண்முகலிங்கம் மட்டும், "ஆமிச் சமையல், உறைப்புக் காணாது," என்று சொல்லியபடி இரண்டாம் முறையும் போட்டுக்கொண்டார். அடுத்த மாதம் அருமைநாதன் டோர்வலில் ஒரு அறை எடுத்துப் போய்விட்டார்.

முடிவுக் கடிதம் ஐப்பசியில் எங்கள் வீட்டுக்குத்தான் வந்தது. அவர் வேலை செய்யும் சமையலறைக்குப் போன் எடுத்தேன். உடைத்து வாசிக்கச் சொன்னார். என் மகள் வாசித்தாள். அவரை அகதியாக ஏற்றுக்கொண்டிருந்தார்கள்.



"அதிலை என்ன தொழில் எண்டு போட்டிருக்கு, அக்கா?"

"சமையல்காரர்."

"ஓம்," என்றார். "பேந்து வந்து கடிதத்தை எடுக்கிறன். இருநூறு தட்டுக் கிடக்குது."