காளி முன்னால நான் வெட்டாத காசு

என் வீட்டுக்காரரைக் கொன்னவன் நல்லா இருக்கக் கூடாதுன்னு வேண்டத்தான் நான் கோயிலுக்குப் போனேன். அதை மறைச்சு எழுதினா காளியம்மாவுக்கே பிடிக்காது.

எங்க ஊர் கண்டரமாணிக்கம். அவருக்குத் தச்சு வேலை. மூணு வருசத்துக்கு முன்னால, மாசி மாசம், கோட்டையூர்ல ஒரு வீட்டுக்குக் கதவு மாட்டிட்டு பைக்ல வந்துக்கிட்டிருந்தார். எதிர்க்க வந்த கிராவல் லாரி அடிச்சுப் போட்டுருச்சு. உடம்பை வாங்க நான் ஆஸ்பத்திரி வாசல்ல நின்னப்ப லாரி முதலாளி வந்தார். சொன்னது ஒரே வார்த்தைதான். "உம் புருசன் பார்த்து வந்திருக்கணும்மா."

நஷ்டஈட்டுக் கேசு போட்டோம். அங்கயும் லாரிக்காரக அதையேதான் சொன்னாக. பைக் தப்பான பக்கம் வந்துச்சாம். லாரி ஓட்டினது சேகர்னு போலீஸ் கேசுல இருந்துச்சு. அவரும் அப்படித்தான் எழுதிக் கொடுத்திருந்தார். தப்பு என் வீட்டுக்காரர் மேலதான்னு முடிஞ்சா ஒண்ணும் கிடைக்காதுன்னு வக்கீல் சொல்லிட்டார். நான் எட்டாவதோட நின்னவ. சும்மாவே பயப்படுற ஆளு. அடுப்பை அணைச்சோமான்னு பாதி வழியில இருந்து திரும்பி வருவேன். மக அப்பப் பத்தாவது. அவ படிப்புக்கு என்ன செய்யப் போறேன்னு தெரியல. செத்தவர் மேலயே பழியைப் போட்டாகளேன்னு நினைச்சா வயிறு எரியும்.

எங்க பக்கத்துல காளிக்குக் காசு வெட்டிப் போடுறது எல்லாருக்கும் தெரிஞ்சதுதான். ஈரத்துணியோட நின்னு, அநியாயம் பண்ணவன் பேரைச் சொல்லி, காசை ரெண்டா வெட்டிப் போட்டா மிச்சத்தை அம்மா பார்த்துக்குவா. ஒரு வெள்ளிக்கிழமை போயிட்டேன். அவரோட உளியையே கையில கொண்டு போனேன். பூசாரி பார்த்துட்டு, "மர உளி காசை வெட்டாது தாயி, இங்க உளி இருக்கு"ன்னார். அப்புறம், "யார் பேரைச் சொல்லப் போறீக?"ன்னு கேட்டார்.

"சேகர். லாரி டிரைவர்."

"நல்லாத் தெரியுமா? பேரு தப்புனா வெட்டுனவுக வீட்டுப் பக்கமே திரும்பிரும்."

அவ்வளவுதான். உளியைக் கீழ வச்சுட்டேன். சேகர் மூஞ்சியைக்கூட நான் பார்த்ததில்ல. எழுதினவுக தப்பா எழுதியிருந்தா? எனக்கிருக்கிறது ஒரே மக. காசை மஞ்சத்துணியில முடிஞ்சேன். தாயே, சரியான பேரை நீயே காட்டுன்னு அழுதுட்டு வந்துட்டேன்.

அதுக்கப்புறம் பஸ்ல, ரேசன் கடையில, அவர் அடிபட்ட இடத்து டீக்கடையில, எங்க போனாலும் ஒரே கேள்விதான். சேகர்தான் ஓட்டினாரா, நல்லாத் தெரியுமா, வர்ற வெள்ளிக்கிழமை காசு வெட்டணும். டீக்கடைக்காரர், "இப்படி ஊரெல்லாம் விசாரிச்சுட்டு வெட்டப் போற ஆளை இப்பத்தான் பார்க்கிறேன்"ன்னு சிரிச்சார். சிரிச்சவர் சும்மா இருக்கல. எங்கிட்டோ போய்ச் சேர்ந்துருச்சு பேச்சு.

வியாழக்கிழமை காலையில வாசல்ல ஒரு ஆளும் அவர் சம்சாரமும் நிக்கிறாக.

"அக்கா, நான்தான் சேகர். என் பேரைச் சொல்லி வெட்டிராதீக. அன்னிக்கு நான் லாரியில ஏறவே இல்ல."

"அப்ப யார் பேரைச் சொல்ல?"

சம்சாரம்தான் வாயைத் திறந்துச்சு. ஓட்டினது முதலாளி மச்சினனாம். லைசென்ஸ் கிடையாதாம். அதனால லைசென்ஸ் இருக்கிற இவரை ஒத்துக்க வச்சு, பைக் தப்பான பக்கம் வந்துச்சுன்னு சொல்லவும் சொல்லிக் கொடுத்தாகளாம்.

"இதைக் கோர்ட்டுல சொல்லுவீகளா?"

"வேலை போயிரும்க்கா."

"வேலை போனா வேற வேலை இருக்கு. நான் காசை வெட்டிட்டா?"

"சொல்லுவாரு"ன்னுச்சு அவர் சம்சாரம்.

வக்கீல் கேட்டுட்டு யோசிச்சார். லைசென்ஸ் இல்லாதவன் ஓட்டினான்னு தெரிஞ்சா இன்சூரன்ஸ் கம்பெனி கையை விரிச்சாலும் விரிக்கும், பார்த்துக்கங்கன்னார். எனக்கும் பயந்தான். ஆனா அன்னிக்கு ராத்திரி அம்மாகிட்ட நான் கேட்டது இதுதான். பணம் வராட்டியும் போகுது, அவுக பண்ணினது நாலு பேர் முன்னால வரணும்.

வந்துச்சு. சேகர் கூண்டுல ஏறிச் சொன்னார். மச்சினனைக் கூப்பிட்டு விசாரிச்சதுல, பஸ்ஸை முந்தப் போய் என் வீட்டுக்காரர் மேல ஏத்தினது வெளியே வந்துச்சு. கம்பெனி முதல்ல எங்களுக்குக் கொடுத்துரணும், அப்புறம் அதை லாரி முதலாளிகிட்ட வசூல் பண்ணிக்கலாம்னு தீர்ப்பு. வக்கீல் ரெண்டு தடவை சொன்னப்புறம்தான் எனக்கு விளங்குச்சு. எங்களுக்கு வந்தது அத்தனையும் அந்த ஆள் மடியில இருந்து போகும். அம்மா, நான் கேட்டதுக்கு மேலயே கொடுத்துட்டே.

கோர்ட்டு வாசல்ல முதலாளி என்னை மறிச்சு, "இப்பத் திருப்தியா?"ன்னார்.

"பாதி"ன்னேன்.

இப்ப மக காலேஜ் போறா. அடுப்பை இன்னமும் திரும்பி வந்து பார்க்கிறேன். ஆனா மனுசரைப் பார்த்துப் பயப்படுறதில்ல. வெள்ளிக்கிழமை தவறாம விளக்குப் போடுறேன். என்னை மாதிரி அநியாயம் பட்டவுக இதைப் படிச்சா, அம்மாவை நம்பிப் போங்க. பேரை மட்டும் நல்லா விசாரிச்சுக்கிட்டுப் போங்க.

முதலாளி மேல்கோர்ட்டுக்குப் போகப் போறதாப் பேச்சு. போகட்டும். அந்தக் காசு இன்னும் மஞ்சத்துணியிலதான் இருக்கு. பேரும் இப்ப எனக்குச் சரியாத் தெரியும்.