பனியாற்றுக்குப் போர்த்திய துணி

ஐந்தாம் வகுப்போடு நின்றவன் நான். சுவிசுக்குக் கோப்பை கழுவ வந்து, கூர் நகரில் இரண்டு உணவகங்களுக்கு முதலாளியானேன். மூன்றாவதைப் போன வருடம் இந்த மலையில் திறந்தேன், பனியாற்றைப் பார்க்க வருகிற சனத்தை நம்பி.

உருகாமல் இருக்கப் பனியின்மேல் வெள்ளைத் துணி விரித்திருந்தார்கள். வெயிலில் அந்த ஈரத்துணி மணத்ததும் என்னைப் பெற்ற அய்யாவின் சாக்கு நினைவில் வந்தது.

ஊரில் குருநகர்க் கடற்கரைக்கு அய்யா சைக்கிளில் ஐஸ்கட்டி கொண்டுபோவார், மீனுக்குப் போட. கட்டியை உமியால் மூடி, மேலே ஈரச் சாக்குப் போர்த்துவார். ஒருநாள் மீன்பிடி வள்ளங்கள் கரைக்கு வரப் பிந்திவிட்டன. சைக்கிளுக்குக் கீழே மணல் நனைந்துகொண்டே இருந்தது.

"என்ன, இண்டைக்குத் தண்ணி விக்க வந்தனியோ?" என்று சிரித்தார் வள்ளக்காரச் சம்மாட்டி.

"பொறுங்கோ அண்ணை, உள்ளுக்குக் கட்டி கிடக்கு."

அய்யா கையை முழங்கை வரை உமிக்குள் விட்டுத் துழாவினார். ஒன்றுமில்லை. சாக்கைப் பிழிந்து மடித்துக் கரியரில் வைத்தார்.

"துணி போட்டிருக்கினம்தானே அப்பா, பிறகென்ன யோசனை?" என்றாள் பனியாற்றருகே என்னோடு நின்ற மகள்.

துணியின் ஓரத்தைத் தூக்கினேன். அடியில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. அய்யா மறுநாளே ஐஸ் கொம்பனிக்குப் போய் வேறு கட்டி வாங்கினார். இதை எங்கே போய் வாங்குவது?

"ஓம் பிள்ளை," என்று துணியைப் பழையபடி இழுத்து மூடினேன்.