ஈடு என்றொரு சொல்

கண்டி நீதிமன்றத்தில் ஒரே ஒரு சொல்லால் என் வீட்டைத் தொலைக்கப் பார்த்தேன். வேறு யாரையும் குறை சொல்ல முடியாது, எல்லாம் என் வாய் செய்த வேலை.

கெலிஓயாவில் எனக்கொரு வீடும் அதையொட்டிச் சின்னதாக ஒரு பேக்கரியும் உண்டு. புதிய போறணை அடுப்புக்காக வீட்டை வைத்து வங்கியில் கடன் எடுத்தேன். அடுத்த வருடமே பொருளாதார நெருக்கடி வந்து நாடு முழுக்க வரிசையில் நின்றது. கோதுமை மா இல்லை, கேஸ் இல்லை. பாண் போடாத பேக்கரிக்காரி தவணையை எங்கிருந்து கட்டுவாள்? கேஸ் வரும் வரும் என்று காத்திருந்தேன், கடைசியில் நீதிமன்றக் கேஸ்தான் வந்தது, அதுவும் நானே போட்டது.

வழக்குப் போடாமலேயே ஏலம் விட வங்கிக்குச் சட்டத்தில் இடமுண்டாம். பக்கத்துக் கடைக்காரர் பத்திரிகையில் ஏல அறிவித்தலைக் காட்டியபோதுதான் எனக்கு விஷயமே தெரிந்தது. வங்கியின் கடிதங்களெல்லாம் அடையாள அட்டையிலிருந்த பழைய விலாசத்துக்கு, நான் பிறந்த பன்வில தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்துக்குப் போயிருந்தன. கடன் படிவத்தில் கெலிஓயா விலாசத்தைக் கொட்டை எழுத்தில் எழுதிக் கொடுத்தவள் நான்! ஆத்திரத்தில் அந்தப் பத்திரிகையையும் தூக்கிக்கொண்டு நேரே ஒரு சட்டத்தரணியிடம் ஓடினேன்.

அதையே காரணம் காட்டி ஏலத்துக்குத் தடையுத்தரவு கேட்டார் என் சட்டத்தரணி. கடுகண்ணாவையிலிருந்து வரும் முஸ்லிம் பெண். உள்ளே போகுமுன் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"கோவத்த இங்கயே வெச்சிட்டு வாங்க. ஒரு பொய் சொன்னீங்கன்னாலும் தடையுத்தரவு கெடைக்காது."

நீதிபதி சிங்களத்தில் கேட்டார். எனக்குச் சந்தைச் சிங்களம் வரும், கோர்ட்டுச் சிங்களம் வராது. மொழிபெயர்ப்பாளர், நரைத்த மீசையுடன் ஒரு யாழ்ப்பாணத்துக்காரர், தமிழில் சொன்னார்.

"அம்மா, இந்த வீட்டை வங்கிக்கு ஈடு வச்சது நீங்கள்தானோ?"

"இல்லீங்க," என்றேன் அடித்து.

எனக்குத் தெரிந்த ஈடு நட்டஈடு ஒன்றுதான். வங்கிக்கு நான் ஏன் நட்டஈடு கொடுக்க வேண்டும்? லயத்தில் எங்களுக்கு அடகு தெரியும், கழுத்தில் கிடப்பதை வைப்பதும் மீட்பதுமாக. காணியும் வீடும் எங்கள் பெயரில் இருந்தால்தானே ஈடு என்ற சொல் வாயில் வரும்? என் குடும்பத்தில் உறுதிப் பத்திரத்தைக் கையில் பிடித்த முதல் ஆள் நான்தான்.

என் சட்டத்தரணி நெற்றியில் கை வைத்தார். வங்கிச் சட்டத்தரணி பேனாவைத் திறந்தார். மொழிபெயர்ப்பாளர் மட்டும் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "இல்லை" என்று அப்படியே சிங்களத்தில் சொல்லியிருந்தால் அவர் வேலை முடிந்திருக்கும். அவர் அதைச் செய்யவில்லை. நீதிபதியிடம் திரும்பி, சொல் விளங்கவில்லைப்போல் இருக்கிறது, வேறு சொல்லில் கேட்கலாமா என்று அனுமதி கேட்டார்.

"அம்மா, வீட்டைப் பாங்கில அடகு வச்சனீங்களோ?"

"ஆமாங்க! அதத்தானே எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டு இருக்கேன்!"

நீதிபதியே சிரித்துவிட்டார். அன்று ஏலத்துக்கு இடைக்காலத் தடை கிடைத்தது. பிறகு வங்கி தவணையை நீட்டித் தந்தது, வழக்கு இணக்கமாக முடிந்தது.

தடை கிடைத்த அன்று வாசலில் மொழிபெயர்ப்பாளரைப் பிடித்துக் கும்பிட்டேன்.

"என்னத்துக்கு நன்றி? பிழை என்ர சொல்லிலதான்," என்று நழுவிவிட்டார்.

சென்ற மாதம் கடைசித் தவணையும் கட்டி உறுதிப் பத்திரத்தைத் திரும்ப வாங்கினேன். முந்திரி நிறையப் போட்டு ஒரு கேக் செய்து நீதிமன்றத்துக்கு எடுத்துப் போனேன். அவர் மாற்றலாகி ஊருக்கே போய்விட்டாராம். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவருடைய கதிரையில் இருந்த புதியவரிடம் கேக்கை நீட்டினேன்.

"எல்லாரும் சாப்பிடுங்க சேர். அவர்கிட்ட பேசினீங்கன்னா, அந்தப் பேக்கரிக்காரம்மா ஈட்ட மீட்டுட்டாங்கன்னு சொல்லுங்க. ஈடுன்னே சொல்லுங்க."