அம்மன்மேல் போட்ட பழி

சொந்தப் புத்தியில் வாழ வேண்டும் என்று யாராவது என் எதிரில் பேச ஆரம்பித்தால் நான் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவேன். பேசுகிறவர்கள்மேல் எனக்குக் கோபம் ஒன்றும் இல்லை. பதினாறு வயதில் அதே பேச்சை அவர்களைவிட நன்றாகப் பேசியவள் நான். அந்த வாயை நினைத்தால் இந்த வயதிலும் பற்றிக்கொண்டு வருகிறது.

ஐம்பதுகளின் நடுவில், குருபரப்பள்ளிக்குப் பக்கத்தில் பெங்களூர் ரோட்டை ஒட்டி எங்கள் நிலம். எங்கள் ஊரில் எட்டாவது முடித்த பெண்கள் இரண்டே பேர்: நானும், என்னைவிட ஒரு வயது சின்னவளான என் சித்தப்பா மகளும். பள்ளிக்கூட விழாவில் ‘பெண்ணும் தானே யோசிக்க வேண்டும்’ என்று பேசி ஒரு பித்தளைத் தட்டு வாங்கியிருந்தேன். அதற்குப் பிறகு என்னைப் பிடிக்க முடியுமா? கேழ்வரகுக் கொல்லையில் களை எடுக்கிற பெண்களிடம் போய், “எல்லாத்துக்கும் ஆம்பளைங்க மூஞ்சியப் பாக்கறீங்களே, உங்களுக்கு மூளை இல்லயா?” என்று கேட்பேன்.

“வாடியம்மா வக்கீலு! வந்து ரெண்டு களை புடுங்கிட்டு அப்புறம் பேசு” என்பார்கள். சித்தப்பா மகள் மட்டும் சிரிக்க மாட்டாள். நான் பேசுவதையெல்லாம் வாய் பார்த்துக்கொண்டு நிற்பாள்.

எங்கள் ஊரில் எதற்கெடுத்தாலும் பூக் கேட்பார்கள். கிணறு வெட்டுவது, பெண் கொடுப்பது, எருது மாற்றுவது, எல்லாவற்றுக்கும் அம்மனின் சம்மதம் வேண்டும். ஒரு இலைப் பொட்டலத்தில் வெள்ளைப் பூ, இன்னொன்றில் சிவப்புப் பூ. இரண்டையும் அம்மன் காலடியில் வைத்துவிட்டு, பூசாரி கண்ணை மூடி ஒன்றை எடுப்பார். வெள்ளை வந்தால் சரி, சிவப்பு வந்தால் கூடாது. எடுக்காத பொட்டலத்தைப் பிரிக்கவே மாட்டார்கள். பிரித்தால் அம்மனைச் சந்தேகப்பட்டதாகிவிடும். அப்படியே கொண்டுபோய்க் குட்டையில் போட்டுவிடுவார்கள்.

“உங்க எருமைய விக்கறதா வேணாமான்னு சொல்றதுதான் சாமிக்கு வேலையா?” என்று இதையும் நான் கேலி பேசாத நாளில்லை.

அந்த வருஷம் சேலத்தில் டீச்சர் டிரெயினிங்குக்குப் பெண்களைச் சேர்க்கிறார்கள் என்று எங்கள் வாத்தியார் சொன்னார். ஹாஸ்டலில் தங்கிப் படித்தால் வேலை நிச்சயம். பதினைந்து நாளுக்குள் விண்ணப்பம் போட வேண்டும். சித்தப்பா மகள் துள்ளிக் குதித்தாள். அவளுக்குப் படிப்பென்றால் உயிர். கிழிந்த பேப்பர் கிடைத்தாலும் விடாமல் படிப்பாள். சித்தப்பா ஒரே வார்த்தையில் முடித்தார். “பெரியவ போனா நீயும் போ. தனியா அனுப்ப மாட்டேன்.”

ஆக, அவள் போவதும் போகாததும் என் வாயில் இருந்தது. அது எனக்கு நன்றாகத் தெரியும். தெரியாமல் செய்தேன் என்று சொல்லிக்கொள்ளக்கூட வழியில்லை.

குந்தாரப்பள்ளி சந்தைக்குப் போய்வந்த அப்பா கால் கழுவிக்கொண்டே என்னைக் கூப்பிட்டார். அப்பாவுக்கு எழுத்து தெரியாது. ஆனால் அவர் கேட்டதை அந்தக் காலத்தில் எந்த அப்பாவும் மகளிடம் கேட்டிருக்க மாட்டார்.

“கண்ணு, உனக்கு எது புடிக்குதோ அதச் சொல்லு. போறன்னா அனுப்பறேன். வேணாம்னா இரு. ஊரு என்னா பேசுதுன்னு நீ பாக்காத. யோசிச்சுச் சொல்லு.”

நான் வாய் கிழியப் பேசியதெல்லாம் இதற்காகத்தானே? ஆனால் சேலம் எனக்குப் பயமாக இருந்தது. என் பேச்சில் பாதி தெலுங்கும் கன்னடமும். அங்கே இருக்கிற பெண்கள் சிரிப்பார்கள். இங்கே நான் வக்கீல், அங்கே யாரோ ஒரு பட்டிக்காட்டுப் பெண். போக வேண்டாம் என்று அந்த நிமிஷமே முடிவு செய்துவிட்டேன். ஆனால் பயமாயிருக்கிறது என்று சொல்ல வாய் வரவில்லை. தட்டு வாங்கியவளாயிற்றே!

“பூக் கேட்டுப் பாக்கலாம்ப்பா” என்றேன்.

அப்பா என்னை ஏற இறங்கப் பார்த்தார். “நீயா சொல்ற?” என்று மட்டும் கேட்டார். அம்மாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, மகளுக்கு நல்ல புத்தி வந்துவிட்டதாம்.

பூப் பறித்துப் பொட்டலம் கட்டும் வேலை எனக்கு. வேலியோரம் நந்தியாவட்டை வெள்ளை வெளேரென்று பூத்துக் கிடந்தது. அதன் பக்கமே போகவில்லை. செவ்வரளியை மட்டும் பறித்து, இரண்டு பொட்டலத்திலும் அதையே வைத்துக் கட்டினேன். கை நடுங்கவில்லை. நடுங்கியிருந்தால் இன்றைக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

பூசாரி எடுத்தார், பிரித்தார், சிவப்பு. சித்தப்பா மகள் சத்தம் போட்டு அழவில்லை. கன்னத்தில் போட்டுக்கொண்டு என் பக்கத்தில் வந்து நின்று, “நீதான் பாவம்க்கா” என்றாள். எனக்காக வருத்தப்பட்டாள்! நான் முகத்தைத் தொங்கப்போட்டு நின்றேன், நடிப்பு அப்படி. வீட்டுக்குத் திரும்பும்போது அப்பா, “நான் அம்மனக் கேக்கலயே கண்ணு, உன்னத்தானே கேட்டேன்” என்றார். அந்த வெட்கத்தோடு விஷயம் முடிந்திருந்தால்கூட ஒருவேளை மறந்திருப்பேன்.

நாலு நாள் கழித்து அவள் மூச்சிரைக்க ஓடிவந்தாள். நான் புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்தேன்.

“அக்கா, எங்கப்பா எறங்கி வந்துட்டாரு! எனக்குன்னு தனியா ஒருக்கா பூக் கேட்டு, வெள்ள வந்தா தனியாவே அனுப்பறாராம். பொட்டலம் நீயே கட்டிக் குடுக்கா.”

இரண்டிலும் நந்தியாவட்டையை வைத்துக் கட்டிக் கொடுத்திருந்தால் தீர்ந்தது, அவள் சேலத்துக்குப் போயிருப்பாள். அந்த யோசனை எனக்கு வந்தது. அடுத்த மூச்சிலேயே இன்னொன்றும் வந்தது. சின்னவள் தனியாகப் போய்ப் படித்து டீச்சராகத் திரும்பி வந்தால், வக்கீல் ஏன் வீட்டில் உட்கார்ந்திருக்கிறாள் என்று ஊர் கேட்கும். களையெடுக்கும் பெண்கள் கேட்பார்கள். அந்தக் கேலிக்குப் பயந்தேன். இவ்வளவுதான் காரணம். இதைவிடப் பெரிய காரணம் ஏதாவது இருந்ததா என்று எத்தனையோ தடவை தேடிப் பார்த்துவிட்டேன். இல்லை.

“அம்மன் ஒருக்கா சொன்னா சொன்னதுதான். மறுக்கா கேட்டா குத்தம்” என்றேன்.

“நெசமா உனக்கு அப்பிடித் தோணுதாக்கா?”

“ஆமா.”

புளியங்கொட்டைகளை ஒவ்வொன்றாகத் தள்ளினாள். பிறகு, “நீ எதையும் யோசிச்சுத்தான் சொல்லுவ. அப்ப வேணாம்க்கா” என்று எழுந்து போனாள்.

வீட்டில் போய், “எனக்கே வேணாம்னு தோணுதுப்பா” என்று சொல்லியிருக்கிறாள். என் பெயரை எடுக்கவே இல்லை. இறங்கி வந்த மனுஷன் சும்மா இருப்பாரா? காலாகாலத்தில் கட்டிக்கொடுக்கிறேன் என்று மாப்பிள்ளை தேடக் கிளம்பிவிட்டார். தை மாதம் ஜூஜுவாடியில் கல்யாணம். கல்யாணத்தன்று காலையில் அவளுக்குத் தலை பின்னிவிட்டது நான்தான். அறைக்குள் நாங்கள் இரண்டு பேர் மட்டும் இருந்தோம். அப்போதாவது சொல்லியிருக்கலாம். சடையை இறுக்கிப் பின்னினேன், “வலிக்குதுக்கா” என்றாள், கொஞ்சம் தளர்த்திவிட்டேன். அவ்வளவுதான் அவளுக்காக நான் செய்தது.