கல்யாணம் இல்லாமல் வைத்த சொதி

பல் துலக்கிக்கொண்டிருந்தபோது கோமதியின் போன். "மாமா, சங்கரலிங்கம் தாத்தா போயிட்டாவ." வாயில் நுரையோடு "எந்தச் சங்கர..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டேன். கோமதி அழுதுகொண்டு சொல்கிற சங்கரலிங்கம் தென்காசியில் ஒருவர்தான். நம் விசேஷங்களுக்கு நாற்பது வருஷம் சமைத்துப் போட்ட தவசுப்பிள்ளை அண்ணாச்சி. அவர் கைப்பக்குவத்தைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆதாரம் நம் எல்லோர் இடுப்பிலும் இருக்கிறது.

கோமதிக்கு அவர் ரத்த உறவு இல்லை. அந்தத் தாத்தா கோர்ட்டில் கிடைத்தவர்.

மேலகரத்துப் பார்வதி அத்தைக்குப் பிள்ளை இல்லை. தங்கையின் மூன்றாவது பெண்ணை ஆறு மாதக் குழந்தையாகத் தத்தெடுத்தார். அதுதான் கோமதி. பத்திரம் பதிந்துவிடலாம் என்று யாரோ சொன்னதற்கு, "அக்கா தங்கச்சிக்குள்ள என்னத்துக்குப் பத்திரம்? கேக்கதுக்கே நல்லாயில்ல" என்று அடக்கிவிட்டார். பெற்றவர்கள் போனார்கள், அத்தை வீட்டுக்காரர் மாமாவும் போனார், உயில் எழுதாமல் அத்தையும் போனார். மாமாவின் அண்ணன் மகன்கள் வழக்குப் போட்டார்கள். குற்றாலச் சீசனில் வாடகைக்குப் பறக்கிற வீடு, விடுவார்களா? கோமதி சும்மா வளர்த்த பிள்ளை, தத்துப்பிள்ளை இல்லை என்பது வாதம். பெற்றவள் கொடுத்ததையும் அத்தை வாங்கியதையும் பார்த்த சாட்சி வேண்டும்.

"வீடு போனாப் போவுது மாமா. அவளை அம்மான்னு கூப்பிட்டதையே பொய்யிங்காவளே" என்றாள் கோமதி.

முதலில் கூண்டேறியவன் நான். அந்தத் தத்து விசேஷத்தில் நானும் இருந்தேன் என்று ஊரெல்லாம் பீற்றியிருந்தேன். எதிர்த்தரப்பு வக்கீல் ஒன்றே ஒன்று கேட்டார்: "பிள்ளையைக் கொடுத்தபோது நீங்க எங்க நின்னீங்க?" சத்தியம் செய்த வாய். "முதல் பந்தியில இடம் பிடிச்சு உக்காந்திருந்தேன்." கோர்ட்டே சிரித்தது, கோமதியைத் தவிர. அன்றைக்கு எனக்கு வயது இருபது, பசி நாற்பது என்று விளக்கம் சொல்ல நீதிபதி அனுமதிக்கவில்லை.

அடுத்து அண்ணாச்சி.

"அடுப்படியில கெடந்த உமக்கு முன்கட்டுல நடந்தது எப்படித் தெரியும்?"

"காரியம் முடிஞ்சதைக் கண்ணால பாக்காம நான் சோறு எடுக்க விடமாட்டேன்யா. கல்யாணம்னாலும் அப்படித்தான். அன்னைக்கும் கரண்டியோட வந்து நின்னேன். தங்கச்சிக்காரி பிள்ளையை அக்கா மடியில வச்சா. வச்சவ கையை எடுக்க மாட்டேங்கா. 'எடுத்துக்கிடட்டுமா ஏட்டி'ன்னு அக்கா கேட்டா. அவ தலையை ஆட்டினா. பொறவுதான் பந்திக்குச் சோறு போச்சு. இப்ப சாட்சி சொன்னானே, இவன் அங்கன இலையில தட்டிக்கிட்டு இருக்கான்!"

"முப்பது வருசம் ஆச்சே. பேர் வச்ச விசேசமா இருக்கலாம்லா?"

"பேர் வைக்கதுக்குச் சொதி வைப்பாவளாய்யா?"

தேங்காய்ப்பால் பிழிந்து வைக்கும் சொதி, நம் பக்கத்தில் கல்யாணத்துக்கு மறுநாள் மறுவீட்டுச் சாப்பாட்டுக்கானது. "எம் மவ என் வீட்டுக்கு வருதா, இதுவும் மறுவீடுதான்" என்று அத்தை அடம்பிடித்தாராம். "கல்யாணம் இல்லாம நான் சொதி வச்சது என் ஆயுசுல அந்த ஒருநாள்தான்." எழுதிக்கொண்டிருந்த நீதிபதி நிமிர்ந்து பார்த்தார்.

"சரி, பார்வதியம்மா வீட்டுக்காரருக்குச் சம்மதமா?" என்றார் வக்கீல்.

"அவிய மனசுல என்ன இருந்துதோ, எனக்குத் தெரியாதுய்யா. பாயசம் ரெண்டு தடவை கேட்டு வாங்கினாவ."

எங்கள் வக்கீல் நெற்றியில் கைவைத்தார். வெளியே வந்ததும், "சம்மதம்னு ஒரு வார்த்தை சொன்னா என்ன அண்ணாச்சி?" என்று எகிறினேன்.

"பாக்காததைச் சொன்னா, பாத்ததையும் நம்பமாட்டாவலே."

தெரியாததைத் தெரியாது என்று சொன்ன இந்தச் சாட்சியை நம்பலாம் என்றது தீர்ப்பு. கோமதி மகள்தான்.

போன் வந்ததும் துக்கத்துக்குப் போனேன். அண்ணாச்சி வீட்டு முற்றத்தில் பேரன் பேத்திகள் நெய்ப்பந்தம் பிடிக்க நின்றார்கள். கோமதியும் போய்க் கை நீட்டினாள். "நீ என்ன முறைட்டி?" என்று ஒரு பெரியவர் கேட்டார். அண்ணாச்சியின் மருமகள் அழுகையை நிறுத்திவிட்டு, "பேத்தி. அவ கையில ஒண்ணு குடுங்க" என்றாள். கொடுத்தார்கள். யாரும் அத்தாட்சி கேட்கவில்லை.

ஊர்க்கதையில் கண்டதையும் காணாததையும் சேர்த்து எழுதியே பேர் வாங்கியவன் நான். இதில் எதையும் சேர்க்கவில்லை. அண்ணாச்சியிடமிருந்து எனக்குக் கிடைத்தது அதுதான். கோமதி பந்தத்தோடு அவரைச் சுற்றி வந்தாள். கடைசிச் சுற்று வரைக்கும் நின்று பார்த்தேன்.