பாலத்தில் ஒரு வாய் தண்ணீர்

பஸ் காவிரிப் பாலத்தில் ஏறும்போது பக்கத்து சீட்டுப் பெண் தண்ணீர் பாட்டிலைத் திறந்தாள். அந்தச் சத்தத்துக்கே கண்ணை மூடிக்கொண்டேன்.

அறுபது வருஷத்துக்கு மேல் ஆகிறது. எனக்கு ஒன்பது வயது. திருவானைக்காவலில் ஒரு தெருநாய் என் கெண்டைக்காலைக் கடித்துவிட்டு ஓடிப்போனது. தொப்புளைச் சுற்றிப் பதினாலு ஊசி. அம்மா தினமும் பஸ்ஸில் திருச்சி ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போவாள். விஷம் ஏறினால் தண்ணீரைக் கண்டு பயம் வருமென்று தெருவில் பேசிக்கொண்டார்கள். அந்தப் பயம் வந்துவிட்டதா என்று தெரிந்துகொள்ளவே எனக்குப் பயம். பாலம் வந்தால் கண்ணை மூடிக்கொள்வேன். வீட்டில் தண்ணீர் டம்ளரைத் தொடுவதையே நிறுத்திவிட்டேன்.

நாலாம் நாள் என் உதடு வெடித்திருந்ததை நர்ஸம்மா பார்த்துவிட்டார். ஸ்பிரிட் வாசனை வீசும் கையால் டம்ளரை நீட்டினார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

"பிடிவாதம்ங்க," என்றாள் அம்மா.

நர்ஸம்மா ஊசியைத் தட்டில் வைத்துவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தார். "தண்ணியைப் பார்த்தா பயமா இருக்கா பாப்பா?"

"தெரியலை," என்று அழுதேன். "எனக்கு விஷம் ஏறிடுச்சா?"

ஏறவில்லை என்று மற்ற எல்லாரும் சொன்னார்கள். அவர் சொல்லவில்லை.

"ஏறக் கூடாதுன்னுதான் ஊசி போடறேன். அதுக்கு மேல எனக்கும் தெரியாது. வா, ரெண்டு பேரும் குடிச்சுப் பார்ப்போம்."

முதலில் அவர் குடித்தார். பிறகு நான் குடித்தேன். இறங்கியது. மீதிப் பத்து நாளும் ஊசிக்கு முன்னால் அப்படித்தான்.

பையிலிருந்து என் பாட்டிலை எடுத்தேன். பாலம் முடிவதற்குள் ஒரு வாய் குடித்துவிட வேண்டும்.

இன்றைக்கும் இறங்கியது.